மரத்துப் பாலும் ஆலைப் பாலும்

இரண்டாம் உலகப் போர் உலகுக்கு விட்டுச் சென்ற கண்டுபிடிப்புகள் என்று ரேடார், பெனிசிலின், ஜெட் விமானம், அணுகுண்டு ஆகியவற்றை வரிசைப்படுத்தும் நூல்களில், அவற்றினூடே செயற்கை ரப்பர் என்ற பெயரும் ஒரு வரியில் இடம்பெற்றுவிடுகிறது. அந்த ஒரு வரிக்குப் பின்னால், மலேசியாவின் பேராக் மாநிலத்தில் ஈப்போவைச் சுற்றியும் சுங்கை சிப்புட், தாப்பா, பீடோர் வட்டாரங்களிலும் விடியுமுன் எழுந்து பால்மரம் சீவிய தமிழர்களின் உழைப்பும், அந்த உழைப்பின் விளைச்சல் 1942ஆம் ஆண்டு நேச நாடுகளின் கைக்கு எட்டாமற்போன வரலாறும் அடங்கியிருக்கின்றன. போர்க்காலத்தில் தொழிற்சாலைக்கும் பொதுமக்களுக்கும் அறிவியலைக் கற்பிக்கக் குறும்படம் ஒரு கருவியாயிற்று; அதே காலத்தில் ரப்பர் என்ற பொருளும் மரத்திலிருந்து ஆலைக்கு இடம்பெயர்ந்தது. இவ்விரண்டையும் சேர்த்துப் பார்த்தால்தான், எந்த அறிவு திரையில் பதிந்தது, எந்த அறிவு பதியாமலே போயிற்று என்பது விளங்கும்.

பட்டைக்குள் ஒரு தொழில்நுட்பம்

தென் அமெரிக்காவின் அமேசான் காட்டுக்குரிய ரப்பர் மரத்தின் விதைகளை ஹென்றி விக்கம் 1876இல் லண்டனின் கியூ தாவரவியல் பூங்காவுக்குக் கொண்டு சேர்த்தார். அங்கு முளைத்த கன்றுகளில் சில மறு ஆண்டே மலாயாவை அடைந்தன; பேராக்கின் பிரிட்டிஷ் ரெசிடெண்டாக இருந்த ஹியூ லோ அவற்றைக் கோலகங்சாரில் நட்டார். அந்தத் தலைமுறையைச் சேர்ந்த மரமொன்று இன்றும் அந்நகரில் வேலியிட்டுப் பாதுகாக்கப்படுகிறது. சிங்கப்பூர்த் தாவரவியல் பூங்காவில் பணியாற்றிய ஹென்றி ரிட்லி, மரத்தைக் கொல்லாமல் பட்டையைச் சீவி மீண்டும் மீண்டும் பால் எடுக்கும் முறையை 1890களில் வகுத்த பின்னரே ரப்பர் ஒரு தோட்டப் பயிராக நிலைபெற்றது.

பால்வெட்டு என்று தோட்டங்களில் வழங்கும் அந்த வேலையில் எவ்வளவு நுட்பம் உள்ளது என்பதைப் பட்டையின் அமைப்பே சொல்லும். மரத்தின் வெளிப்பட்டைக்கும் கட்டைக்கும் இடையே, மரம் பருப்பதற்குக் காரணமான கேம்பியம் என்னும் மெல்லிய வளர்படலம் இருக்கிறது. பால்குழாய்கள் அந்தப் படலத்தை ஒட்டியே மிக நெருக்கமாக அமைந்திருக்கின்றன. ஆகவே கத்தி ஆழமாகப் போனால்தான் பால் மிகுதியாக வரும், ஆனால் ஓர் இழை கூடுதலாகப் போனாலும் படலம் காயப்பட்டு, அந்த இடத்தில் முடிச்சு விழுந்து, புதுப்பட்டை ஒழுங்காக வளராது. கேம்பியத்துக்கு முன் ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் பட்டையை விட்டுவைத்து, அதே அளவு தடிப்பில் சீவல் எடுத்து, நாளொன்றுக்கு நானூறு முதல் அறுநூறு மரங்கள் வரை ஒரு நிரையில் சீவி முடிப்பது தேர்ந்த தொழிலாளியின் கணக்கு. பால்குழாய்கள் செங்குத்தாக ஓடாமல் சற்றே சாய்ந்து இடக்கீழிலிருந்து வலமேலாகச் சுற்றிச் செல்வதால், வெட்டு இடமேலிருந்து வலக்கீழாகச் சரிந்து இறங்க வேண்டும். அப்போதுதான் கூடுதலான குழாய்கள் அறுபடும். வெயில் ஏறினால் மரத்திலுள்ள நீரழுத்தம் குறைந்து பால் ஓட்டமும் குறையும் என்பதாலேயே, விளக்கை நெற்றியில் கட்டிக்கொண்டு இருட்டிலேயே மரத்தடிக்குப் போகும் வழக்கம் ஏற்பட்டது.

மங்கு என்னும் கிண்ணத்தில் சேரும் பாலில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கே ரப்பர், எஞ்சியதில் பெரும்பகுதி நீர். ஐசோபிரீன் என்னும் சிறு மூலக்கூறுகள் ஆயிரக்கணக்கில் சங்கிலியாகக் கோத்த பலபடிப் பொருளே, அதாவது பாலிமரே, ரப்பர் ஆகும். அது நுண்துகள்களாக நீரில் மிதக்கிறது. ஒவ்வொரு துகளையும் எதிர்மின்னூட்டம் கொண்ட புரதப் போர்வை சூழ்ந்திருப்பதால் துகள்கள் ஒன்றையொன்று விலக்கித் தனித்தே நிற்கின்றன. பால் ஸ்டோரில் ஃபார்மிக் அமிலத்தைக் கலக்கும்போது அந்த மின்னூட்டம் நீங்கித் துகள்கள் ஒட்டிக்கொள்ள, பால் தயிர்போல் உறைகிறது. உறைந்ததை உருளைகளுக்கிடையே அழுத்தித் தகடாக்கிப் புகைக்கூடத்தில் நாள்கணக்கில் உலர்த்தினால், உலகச் சந்தை அறிந்த புகையிட்ட ரப்பர்த் தகடு கிடைத்துவிடும். துகள், மின்னூட்டம், அமிலம், உறைதல் என்னும் இந்த வரிசையை வாசகர் நினைவில் வைத்துக்கொள்ளல் வேண்டும். கடல்கடந்து கட்டப்பட்ட ஆலையிலும் இதே வரிசைதான் மீண்டும் வரப்போகிறது.

வழி அடைபட்ட நாள்

1941 டிசம்பர் 8ஆம் நாள் கோத்தாபாருவில் தரையிறங்கிய ஜப்பானியப் படைகள் அம்மாத இறுதிக்குள் ஈப்போவைக் கைப்பற்றின. கம்பாரில் பிரிட்டிஷ், இந்தியப் படையினர் டிசம்பர் 30 முதல் ஜனவரி 2 வரை எதிர்த்து நின்ற பின் தெற்கே பின்வாங்கினர். 1942 பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் வீழ்ந்தது. மலாயாவும் டச்சுக்காரர் வசமிருந்த இந்தோனேசியத் தீவுகளும் அடுத்தடுத்துப் பறிபோனதால், அமெரிக்கா பயன்படுத்தி வந்த இயற்கை ரப்பரில் ஏறத்தாழ 90 விழுக்காட்டுக்கான வழி அடைபட்டது.

இழப்பின் அளவை உணர ரப்பரின் பயன்களை எண்ணிப் பார்த்தால் போதும். ஒரு ஷெர்மன் டாங்கியில் அரை டன் ரப்பர் இருந்தது. பெரிய போர்க்கப்பல் ஒன்றில் ரப்பராலான உறுப்புகள் இருபதாயிரம் வரை இருந்தன. விமானச் சக்கரம், மின்கம்பி உறை, நச்சுவாயு முகமூடி, காலணி என எதைத் தொட்டாலும் ரப்பர் வேண்டியிருந்தது. ஆகவே அமெரிக்காவில் எல்லாவற்றுக்கும் முதலாகப் பங்கீட்டுக்குள் வந்த பண்டம் டயர்தான். 1942 ஜூன் மாதம் அதிபர் ரூஸ்வெல்ட் வானொலியில் பேசி, பழைய ரப்பரைப் பெட்ரோல் நிலையங்களில் பவுண்டுக்கு ஒரு சென்ட் விலைக்கு ஒப்படைக்குமாறு மக்களைக் கேட்டுக்கொண்டதன் விளைவாக, பழைய டயர், தோட்டக்குழாய், மழைக்காலணி என்று ஏறத்தாழ 450,000 டன் குவிந்தது. ஆனால் கந்தகம் சேர்த்துச் சூடாக்கி இறுக்கப்பட்ட ரப்பர் பழைய நிலைக்கு முழுமையாகத் திரும்புவதில்லை. அதிலிருந்து மீட்ட சரக்கு தரத்தில் தாழ்ந்தது. புதிய ரப்பருக்குப் புதிய வழி காண்பது தவிர்க்க முடியாததாயிற்று.

பதினொரு நிமிட வகுப்பறை

போருக்காக அமெரிக்காவில் எழுந்த புதிய ஆலைகளுக்குப் பழக்கமில்லாத தொழிலாளர்கள் இலட்சக்கணக்கில் வந்து சேர்ந்தனர். அவர்களுள் பலர் அதுவரை தொழிற்சாலைக்குள் காலெடுத்து வைத்திராத பெண்கள். ஒவ்வொருவரையும் தேர்ந்த ஆசானிடம் அமர்த்திக் கற்பிக்க நேரமில்லாத சூழலில் குறும்படம் துணைக்கு வந்தது. அமெரிக்கக் கல்வி அலுவலகம் 1941 முதல் 1945 வரை 457 பயிற்சிப் படங்களைத் தயாரித்தது: கடைசல் இயந்திரத்தை இயக்குவது, அளவுகோலைப் படிப்பது, கப்பல் தகட்டைப் பற்றவைப்பது என்று ஒரு படத்துக்கு ஒரு வேலை. வால்ட் டிஸ்னியின் கூடமும் லாக்ஹீட் விமான நிறுவனத்துக்காகத் தறைகளை மேற்பரப்போடு சமமாக அடிக்கும் நான்கு முறைகளை விளக்கும் படமொன்றை எடுத்துக் கொடுத்தது.

இதற்கு உதவிய தொழில்நுட்பம் கோடாக் நிறுவனம் 1923இல் அறிமுகப்படுத்திய 16 மில்லிமீட்டர் படச்சுருள். திரையரங்குகளில் ஓடிய 35 மில்லிமீட்டர்ச் சுருள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட்டாலானது. 16 மில்லிமீட்டர்ச் சுருளோ எளிதில் தீப்பற்றாத அசிட்டேட்டாலானது என்பதால், பள்ளியிலும் ஆலையிலும் கொட்டகையிலும் அச்சமின்றி ஓட்ட முடிந்தது. 400 அடிச் சுருளில் 16,000 சட்டங்கள் அடங்கும். நொடிக்கு 24 சட்டம் என்ற வேகத்தில் அது ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும். ஒரு செய்முறையைத் தொடக்கம் முதல் முடிவு வரை சொல்லவும், பார்ப்பவர் கவனம் சிதறாமல் இருக்கவும் அந்த 11 நிமிடம் பொருத்தமாக அமைந்தது.

பொதுமக்களுக்கான படங்கள் வேறொரு வகையில் அறிவியலைச் சொல்லின. 1942இல் டிஸ்னி எடுத்த ஒரு சிறு படத்தில், மின்னி மவுஸ் வறுத்த பன்றி இறைச்சிக் கொழுப்பை நாய்க்கு ஊற்றப்போகும் நேரத்தில், வானொலிக் குரல் அவளைத் தடுத்து, அந்தக் கொழுப்பு வெடிமருந்தாகும் விதத்தை விளக்குகிறது. கொழுப்பு என்பது கிளிசரினும் கொழுப்பு அமிலங்களும் இணைந்த பொருள்; அதைப் பிரித்துக் கிளிசரினை எடுத்து நைட்ரிக் அமிலத்தோடு வினைபுரியச் செய்தால் நைட்ரோகிளிசரின் கிடைக்கும். ஒரு முழுப் பாடவேளைக்குரிய வேதியியலைச் சமையலறைச் சட்டியிலிருந்து தொடங்கி மூன்று நிமிடத்தில் புரியவைத்த அந்த முறை, இன்றைய அறிவியல் ஆசிரியர்களும் கற்றுக்கொள்ளத் தக்கது.

ஆலையில் பிறந்த பால்

ரப்பர் நெருக்கடியை ஆராயப் பெர்னார்ட் பரூக் தலைமையில் அமைந்த குழு 1942 செப்டம்பரில் அறிக்கை தந்தது. செயற்கை ரப்பர் ஆலைகளைத் தாமதமின்றிக் கட்ட வேண்டும் என்றும், டயர் தேய்மானத்தைக் குறைக்க வாகனங்கள் மணிக்கு 35 மைலுக்கு மேல் ஓடக்கூடாது என்றும் அது பரிந்துரைத்தது. அமெரிக்க அரசு தேர்ந்தெடுத்த வகை, பியூட்டாடையீன் முக்கால் பங்கும் ஸ்டைரீன் கால் பங்கும் சேர்ந்தது. இதன் அடிப்படையை ஜெர்மனியின் வால்டர் பாக்கும் எட்வர்ட் சுங்கூரும் 1929இலேயே கண்டறிந்திருந்தனர். பியூட்டாடையீனைப் பெட்ரோலியத்திலிருந்தும் தானியச் சாராயத்திலிருந்தும் பெற்றனர்.

செய்முறையைப் பார்க்கையில் ஒரு வியப்பு காத்திருக்கிறது. பெரிய உருக்குக் கலனில் நீரும் சோப்பும் ஊற்றி, அந்த இரு வேதிப்பொருள்களையும் அதில் கலந்து, ஏறத்தாழ 50 பாகை செல்சியசில் கலக்கிக்கொண்டே இருந்தால், சோப்பு மூலக்கூறுகள் சூழ்ந்த நுண்துளிகளுக்குள் சங்கிலிகள் வளர்கின்றன. பல மணி நேரத்துக்குப் பின் கலனிலிருந்து வெளிவருவது வெண்ணிறப் பால். சோப்பு தரும் எதிர்மின்னூட்டத்தால் துகள்கள் விலகி நிற்கும் அந்தப் பாலில் உப்புநீரும் அமிலமும் சேர்த்தால் அது உறைகிறது. உறைந்ததைக் கழுவி, உலர்த்தி, கட்டியாக அழுத்துகிறார்கள். புரதத்தின் இடத்தில் சோப்பு, மங்கின் இடத்தில் உருக்குக் கலன் என்பதைத் தவிர, பேராக் தோட்டத்துப் பால் ஸ்டோரில் நாள்தோறும் நடந்ததும் இதுவே. மரம் கோடிக்கணக்கான ஆண்டுகளில் கண்டறிந்த வழியை ஆலை பின்பற்றியது என்று சொன்னால் அது மிகையாகாது.

1941இல் அமெரிக்காவில் இவ்வகை ரப்பரின் உற்பத்தி 231 டன் மட்டுமே. 1945இல் நாட்டின் செயற்கை ரப்பர் உற்பத்தித் திறன் ஆண்டுக்கு ஏறத்தாழ 920,000 டன்னை எட்டியது; அதில் 85 விழுக்காடு இந்த வகை. நான்கே ஆண்டுகளில், போட்டி நிறுவனங்கள் தங்கள் நுட்பங்களைப் பகிர்ந்துகொண்டதால் கைகூடிய இந்தச் சாதனை போர்க்காலத் தொழில்துறையின் மாபெரும் வெற்றிகளுள் ஒன்று.

எனினும் மரத்துப் பாலை ஆலைப் பால் முற்றிலும் வெல்லவில்லை. மரம் தரும் ரப்பரில் ஐசோபிரீன் அலகுகள் யாவும் ஒரே திசையமைப்பில் கோக்கப்பட்டிருப்பதால், இழுக்கும்போது சங்கிலிகள் ஒழுங்காக அணிவகுத்துப் படிகமாகி, கிழிபடாமல் தாங்குகின்றன. மடங்கி நிமிரும்போது அதில் எழும் வெப்பமும் குறைவு. போர்க்காலச் செயற்கை ரப்பரில் இந்த ஒழுங்கு இல்லாததால் கனரக வாகனங்களின் டயர்கள் சூடேறிச் சிதைந்தன. ஆகவே அவற்றில் இயற்கை ரப்பரையும் கலக்க வேண்டியிருந்தது. இன்றும் பயணிகள் விமானங்களின் டயருக்கு இயற்கை ரப்பரே முதன்மையான பொருள்.

தோட்டத்துக்குள் நடந்த வேதியியல்

அங்கே ரப்பருக்கு வழியின்றி ஆலைகள் எழுந்த அதே ஆண்டுகளில், இங்கே ரப்பரை ஏற்றிச் செல்லக் கப்பலின்றித் தோட்டங்கள் முடங்கின. ஜப்பானின் தேவையைவிட மலாயாவின் விளைச்சல் பல மடங்கு பெரிது என்பதால், பல தோட்டங்களில் பால்வெட்டு நின்று, மரவள்ளியும் சர்க்கரைவள்ளியும் நடப்பட்டன. அரிசி அரிதாகி, மரவள்ளிக் கிழங்கே அன்றாட உணவாயிற்று. வேலையிழந்த தோட்டத் தமிழர்களில் பல்லாயிரவர், சயாம் மரண ரயில் என்று இன்றளவும் மக்கள் குறிப்பிடும் தாய்லாந்து–பர்மா இருப்புப்பாதைப் பணிக்குக் கொண்டுசெல்லப்பட்டு, காலராவாலும் பசியாலும் பெருந்தொகையினர் மாண்டனர். போர்க்காலத் தொழில்நுட்பத்தைப் பற்றிய எந்த அத்தியாயமும் இந்த இறப்புகளைச் சொல்லாமல் கடந்து செல்லலாகாது.

பெட்ரோலும் மண்ணெண்ணெயும் கிடைக்காத அக்காலத்தில், ரப்பரைக் காற்றுப்படாமல் கலனில் இட்டுச் சூடாக்கி, எழும் ஆவியைக் குளிரவைத்து எரிபொருளாக்கும் முறை மலாயாவில் பரவியது. கரியிலிருந்து எழும் வாயுவால் லாரிகள் ஓடின. செம்பனை எண்ணெயும் எரிபொருளுக்கு மாற்றாயிற்று. ரப்பரை எண்ணெயாக்கும் இந்த வேலையில் நிகழ்வது, நீண்ட சங்கிலி வெப்பத்தால் அறுந்து ஐசோபிரீனும் அதன் இரட்டை மூலக்கூறான டைபென்டீனும் போன்ற சிறு பொருள்களாகப் பிரிவதே. ஆங்கில வேதியியலாளர் கிரெவில் வில்லியம்ஸ் 1860இல் இதே வழியில் ரப்பரைச் சூடாக்கித்தான் ஐசோபிரீனை முதன்முதலில் பிரித்தெடுத்து, அதற்கு அந்தப் பெயரையும் இட்டார். அமெரிக்க ஆலையில் சிறு மூலக்கூறுகளைக் கோத்துச் சங்கிலியாக்கிய அதே காலத்தில், மலாயாவில் சங்கிலியை அறுத்துச் சிறு மூலக்கூறுகளாக்கினர். ஆலையில் நடந்ததைக் காட்டப் படமும் பாடநூலும் உண்டு. கரிபிடித்த கலனருகே நின்றவர்களின் அறிவு அவர்களோடே போயிற்று.

ஈயமும் இதே வழியில்

பேராக்கின் மற்றொரு செல்வமான வெள்ளீயத்துக்கும் இதே கதைதான். கிந்தாப் பள்ளத்தாக்கின் ஈயம் கைவிட்டுப் போனதும், பொலிவியத் தாதுவை உருக்க டெக்சாஸ் சிட்டியில் ஓர் உருக்காலை எழுந்தது. உணவு டப்பாவுக்கான இரும்புத் தகட்டை உருகிய ஈயத்தில் தோய்த்தெடுக்கும் பழைய முறை தடித்த பூச்சைத் தந்ததால், மின்னோட்டத்தின் உதவியால் மிக மெல்லிய பூச்சு ஏற்றும் மின்முலாம் முறை போர்க்காலத்தில் வேகமாகப் பரவி, குறைந்த ஈயத்தில் கூடுதல் டப்பாக்களைச் செய்ய வழிவகுத்தது. 1938இல் கட்டப்பட்டு, வாளிச்சங்கிலியால் குட்டையின் அடியை வாரி 1982 வரை உழைத்த ஏறத்தாழ 4,500 டன் எடையுள்ள தஞ்சோங் துவாலாங் ஐந்தாம் எண் ஈயக்கப்பல், பத்து காஜாவுக்கு அருகே இன்றும் காட்சிக்கு நிற்கிறது. ஈயத்தின் வரலாற்றுக்கு இப்படிக் கண்முன் ஒரு சான்று உண்டு. பால்வெட்டின் வரலாற்றுக்கு அவ்வளவு பெரிய சான்று எழவில்லை.

வெள்ளைத் திரையும் திரும்பி வந்த பாடமும்

போர் முடிந்த மறு ஆண்டான 1946இல் கோலாலம்பூரில் மலாயத் திரைப்படப் பிரிவு தொடங்கப்பட்டது. மலேசியா உருவான பின் ஃபிலம் நெகாரா என்று பெயர்பெற்ற நிறுவனம் இதுவே. அதன் குறும்படங்கள் மலாய், ஆங்கிலம், சீனம், தமிழ் ஆகிய மொழிகளில் விளக்கவுரையோடு வெளிவந்தன. சுங்கை சிப்புட் தோட்டங்களில் நடந்த கொலைகளையடுத்து 1948 ஜூனில் அவசரகாலம் அறிவிக்கப்பட்ட பிறகு, தகவல் துறையின் படம்காட்டும் வண்டிகள் தோட்டங்களுக்கும் புதுக்கிராமங்களுக்கும் அடிக்கடி வந்தன. மின்சாரமில்லாத தோட்டத்தில் வண்டியின் ஜெனரேட்டரே ஒளி தந்தது. திடலில் கட்டிய வெள்ளைத் திரையின் முன் லயத்துக் குடும்பங்கள் பாய்விரித்து அமர்ந்தன. கொசு ஒழிப்பு, காசநோய், சுத்தமான குடிநீர் ஆகியவற்றைப் பற்றிப் பள்ளிக்கூடம் போகாத தாய்மார்களுக்கும் தமிழில் எடுத்துச் சொன்ன நன்மை அப்படங்களுக்கு உண்டு; அரசின் அரசியல் நோக்கமும் அவற்றில் கலந்திருந்தது என்பதும் உண்மை.

ரப்பர்த் தொழிலுக்கோ போர்க்காலம் நிலையான ஒரு போட்டியாளரை விட்டுச் சென்றிருந்தது. செயற்கை ரப்பர் ஒரே தரத்தில், கையடக்கக் கட்டியாக, குறிப்பிட்ட பண்புகளோடு விற்பனையாயிற்று. தோட்டத்துத் தகடுகளோ கண்ணால் பார்த்தே தரம் பிரிக்கப்பட்டன. இதற்கு விடையாக 1965இல் மலேசியா தன் தரப்படுத்தப்பட்ட ரப்பரை அறிமுகப்படுத்தியது. உறைந்த பாலைச் சிறு துருவல்களாக்கி, விரைவாக உலர்த்தி, 33.3 கிலோ கட்டியாக அழுத்தி, தூசி, சாம்பல், நைட்ரஜன் அளவுகளைச் சோதனைக்கூடத்தில் அளந்து சான்று தரும் முறை அது. மரத்திடம் பாடம் கற்ற ஆலைக்கு, இருபது ஆண்டுக்குப் பின் மரம் மாணவனாயிற்று. இன்று உலகம் பயன்படுத்தும் ரப்பரில் பாதிக்குச் சற்றுக் குறைவான பங்கு இன்னும் மரத்திலிருந்தே வருகிறது.

ஆனால் பேராக்கில் அந்த மரங்கள் பெரும்பாலும் இல்லை. தோட்டங்கள் செம்பனைக்கும் வீடமைப்புக்கும் மாறின, லயங்கள் இடிக்கப்பட்டன, தோட்டத்துத் தமிழர் ஈப்போவின் புறநகர்களுக்குப் பெயர்ந்தனர். ஒரு தறையை அடிக்கும் நான்கு முறைகளைப் படமெடுத்துக் காத்த உலகம், பட்டையில் ஒரு மில்லிமீட்டர் விட்டுச் சீவும் கையை அதே அக்கறையோடு காக்கவில்லை. அக்கை அறிந்தது வெறும் உடலுழைப்பு அன்று, தாவரவியலும் வேதியியலும் தலைமுறைப் பயிற்சியும் சேர்ந்த ஒரு தொழில்நுட்பம். போர்க்காலப் பயிற்சிப் படத்துக்குத் தேவைப்பட்ட கேமராவும் ஒலிக்கருவியும் இன்று ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் இருக்கின்றன. பால்மரம் சீவிய பாட்டியோ தாத்தாவோ வீட்டில் இருக்கும் வாசகர்கள், அவர் கையில் கத்தியைக் கொடுத்து, எஞ்சியிருக்கும் ஒரு மரத்தடியில் நிறுத்தி, அவர் குரலிலேயே அந்த வேலையை விளக்கச் சொல்லிப் பதிவுசெய்து வைக்க வேண்டும். அதற்குப் பதினொரு நிமிடம் போதும்.